சார், இந்தப் படத்தில் நீங்கள் சாகமாட்டீர்கள்

ஒரு நடிகரிடம், அவர் நடித்த படத்தின் கதை அவருக்குத் தெரியவில்லை என்று மைக்கில் சொன்னவள் நான். இதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுவது நல்லது. எங்கள் ஊர்ப்பக்கம் வந்தால் எப்படியும் யாராவது உங்களுக்குச் சொல்லத்தான் போகிறார்கள். அவர்கள் சொன்னால் இன்னும் நாலு சங்கதி சேர்த்துச் சொல்வார்கள்.

இத்தனைக்கும் தவறு கண்டுபிடிப்பதுதான் என் தொழில். திருவனந்தபுரத்தில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் டெஸ்டராக இருக்கிறேன். பிறர் எழுதிய நிரலை அழுத்தி, நசுக்கி, தலைகீழாகப் பிடித்து உலுக்கி, எங்கே உடைகிறது என்று பட்டியல் போட்டுக் கொடுப்பேன். பட்டியல் எனக்கு வேலை மட்டுமல்ல, வியாதியும்கூட. வீட்டில் மீன்குழம்பு வைத்தாலும் அடுப்புக்கு மேலே ஒரு தாள் ஒட்டியிருக்கும். ("இவ கெட்டுக அன்னைக்கு மாப்பிள்ளைக்க பேருக்கு நேர டிக் அடிச்சிட்டுத்தான் தாலிக்குக் குனிவா" என்பது அம்மாவின் கணிப்பு.) அப்படிப்பட்ட நான், நாற்பத்தொரு வரியில் ஒரு பட்டியல் போட்டு, நாற்பத்தொன்றுக்கும் டிக் அடித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் சூசை மாமாவின் மானத்தைக் கப்பலேற்றினேன்.

சூசை மாமா என் அம்மாவின் அண்ணன். இராஜாக்கமங்கலத்துக்குத் தெற்கே கடலோரத்தில் எங்கள் ஊர். ஊரில் ஆண்கள் எல்லோரும் கடலுக்குப் போனார்கள். மாமா மட்டும் போகவில்லை. வள்ளத்தில் கால் வைத்தாலே அவருக்கு வாந்தி வரும். ஆகவே வயரிங் வேலை படித்து, இளம்வயதில் ஈராக்குக்குப் போனார். அங்கே ஒரு யூகோஸ்லாவியக் கட்டுமானக் கம்பெனியின் முகாமில் எலக்ட்ரீஷியன். (யூகோஸ்லாவியா என்று ஒரு நாடு இருந்தது. பிறகு அது பல நாடுகளாகப் பிரிந்துவிட்டது. மாமாவிடம் இதைச் சொன்னால், "அது அவங்களுக்க குடும்பக் காரியம், நமக்கென்ன" என்பார்.)

அந்த முகாமில் வெள்ளிக்கிழமை மாலைகளில் சாப்பாட்டுக்கூடத்தில் வெள்ளைத்துணி கட்டி அவர்கள் நாட்டுப் படம் போடுவார்களாம். பாஷை ஒரு எழுத்தும் புரியாது. ஆனாலும் மாமா ஒரு நடிகரிடம் விழுந்துவிட்டார். அவருடைய முழுப்பெயர் நீளமானது, மாமாவின் வாயில் அது பாதிதான் நுழைந்தது. அந்தப் பாதியையே நானும் வைத்துக்கொள்கிறேன்: மிர்க்கோ.

மிர்க்கோ நடித்த ஒரு படத்தை மாமா விடுப்பில் வந்தபோது கடற்கரையில் வைத்துச் சொன்னார். அது ஊருக்குப் பிடித்துப்போயிற்று. அடுத்த முப்பத்தைந்து வருஷமும் சொல்லிக்கொண்டே இருந்தார். 'வள்ளக்காரன் படம்' என்று ஊரே அதற்குப் பெயர் வைத்தது. யுத்தகாலம், ஒரு தீவு, எதிரிப் படை பிடித்துவைத்திருக்கிறது. மிர்க்கோ படகோட்டி. காயம்பட்ட போராளிகளை யாருக்கும் தெரியாமல் படகில் மறுகரைக்குக் கொண்டுபோய் விடுகிறவன். பள்ளிக்கூடத்து டீச்சருக்கு அவன்மேல் ஒரு இது. யாரோ காட்டிக்கொடுக்க, பிடிபடுகிறான். கைகளைப் பின்னால் கட்டி, படகுத்துறையின் விளிம்பில் நிறுத்துகிறார்கள். துப்பாக்கிகள் உயர்கின்றன. மாமா இங்கே பேச்சை நிறுத்தி ஒரு வாய் சாயா குடிப்பார்.

"பெறவு?" என்று கூட்டம் கேட்கும்.

பிறகு மிர்க்கோ கடலில் சாடுவான் (குதிப்பதற்கு எங்கள் ஊர்ச் சொல் அது). கட்டிய கையோடு, மூச்சை அடக்கி, நிற்கிற வள்ளங்களுக்கு அடியிலேயே நீந்துவான். மறுகரையில் ஏறி, நாற்பது வள்ளங்களைத் திரட்டிக்கொண்டு திரும்பி வருவான். எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு கட்டுமரம். அதில் அவனே நிற்பான். (ஐரோப்பியக் கடலுக்குக் கட்டுமரம் எப்படிப் போயிற்று என்று எங்கள் ஊரில் ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை. கடல் என்றால் கட்டுமரம் இருக்கும்தானே?) எதிரி அதிகாரி தன் தொப்பியாலேயே படகிலிருந்து தண்ணீர் கோரி ஊற்றுவான். டீச்சருக்கும் மிர்க்கோவுக்கும் கோயிலில் கல்யாணம். விருந்தில் நெய்மீன் குழம்பு.

நாங்கள் எல்லோரும் இதைக் கேட்டு வளர்ந்தவர்கள். மணலில் மிர்க்கோ விளையாட்டு விளையாடியவர்கள். நான் மூன்று வருஷம் எதிரி அதிகாரியாக இருந்தேன், ஏனென்றால் அப்போதே கையில் நோட்டு வைத்திருந்தேன்.

இந்தக் கதைக்கு ஒரே ஒரு எதிரி இருந்தார். பக்கத்து வீட்டு பெர்னார்து சித்தப்பா. மாமாவின் வயதுதான். ஊரின் ஒரே மைக்செட் அவருடையது என்பதால், கோயில் திருவிழா முதல் காணாமல் போன ஆடு வரைக்கும் எல்லா அறிவிப்பும் அவர் குரலில்தான் வரும். மாமா எங்கே கதை சொன்னாலும் அங்கே இருப்பார். ஒரு வரி விடாமல் கேட்பார். நெய்மீன் குழம்பு முடிந்ததும் துண்டை உதறிக்கொண்டு எழுவார்.

"வேய் சூசை, கத கொள்ளாம். ஆனா இப்பிடி ஒரு படமும் கெடையாது, இப்பிடி ஒரு ஆளும் கெடையாது. நீரு கரண்டடிச்சுக் கெடந்தப்ப கண்ட கெனா."

"ஒமக்குப் பாஸ்போர்ட்டே கெடையாது. நீரு பேசாதேயும்" என்பார் மாமா.

இப்படியே போய்க்கொண்டிருந்தது. போன கிறிஸ்துமசுக்கு முந்தைய கிறிஸ்துமஸ் அன்று, உறவுக்காரர் எல்லோரும் கூடியிருக்கையில், பெர்னார்து சித்தப்பா அதே வரியைச் சொல்லிவிட்டு, "செத்துப்போறதுக்கு முன்னாலயாவது பொய்யுன்னு சொல்லிரும், புண்ணியம் உண்டு" என்று சேர்த்தார். எல்லோரும் சிரித்தோம். மாமா பாஸ்போர்ட் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. எழுந்து, கையைக் கழுவிக்கொண்டு, வீட்டுக்குப் போய்விட்டார். இலையில் பாதிச் சாப்பாடு இருந்தது.

எனக்குத் தாங்கவில்லை. மாமா பொய்யரல்ல என்று ஊர் முன்னால் நிரூபித்தே தீர்வது என்று அன்றைக்கே ஒரு பட்டியலைத் தொடங்கினேன்.

மிர்க்கோவைக் கண்டுபிடிக்க மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் ஆயின. அவருடைய மகள் வெஸ்னா, ஒரு பல் மருத்துவர், அப்பாவுக்காக இணையத்தில் ஒரு பக்கம் வைத்திருந்தார். அதைப் பார்த்ததும் எனக்குக் கண் கலங்கிவிட்டது. ஏனென்றால் அதில் இருந்தது ஒரு பட்டியல். ஐம்பத்தெட்டு வேடங்கள், வருஷ வரிசைப்படி, ஒன்றுகூட விடாமல்.

ஒரு மனிதரின் தொழில்வாழ்க்கையை அப்படி வரிசையாகப் படிப்பது வேடிக்கையான அனுபவம். முதல் பதினோரு படங்களில் அவருக்குப் பெயரே இல்லை. 'இரண்டாவது சிப்பாய்', 'வாசலில் நிற்கும் காவலர்', 'ரொட்டி வாங்குகிறவர்'. பன்னிரண்டாவதில் ஒரு பெயர் கிடைக்கிறது. பதின்மூன்றாவதில் 'மூன்றாவது சிப்பாய்'. (இரண்டாவதிலிருந்து மூன்றாவது! என்ன தப்புச் செய்தாரோ.) இருபத்திரண்டாவதாக எங்கள் வள்ளக்காரன் படம். பிறகு வெயிட்டர், போலீஸ்காரர், மணப்பெண்ணின் சித்தப்பா. தலை நரைத்த பிறகு தொலைக்காட்சி. ஒரு கிராமத்துத் தொடரில் ஆறு வருஷம் மாட்டு டாக்டராக வந்திருக்கிறார். அந்தக் காலத்தில் அவர் காய்கறி வாங்கச் சந்தைக்குப் போனால் ஜனங்கள் நொண்டும் ஆட்டைக் கொண்டுவந்து காட்டுவார்களாம். அவரும் குனிந்து பார்த்து, 'ரெண்டு நாள் நடக்கவிடாதீங்க' என்று சொல்லி அனுப்புவாராம்.

வள்ளக்காரன் படத்தில் நடிகர் வரிசையில் அவர் பெயர் நாலாவதாக இருந்தது. அது என் கண்ணில் பட்டது, மண்டையில் படவில்லை. கதாநாயகன் பெயர் ஏன் நாலாவது? வேலையில் இப்படி ஒன்றைக் கண்டால் அங்கேயே உட்கார்ந்து தோண்டியிருப்பேன். மாமாவின் கதை என்பதால் தாண்டிப் போய்விட்டேன்.

வெஸ்னாவுக்கு எழுதினேன். உங்கள் அப்பாவை ஒரு கடற்கரை ஊரே முப்பத்தைந்து வருஷமாகத் தெரிந்துவைத்திருக்கிறது என்றேன். பதில் நாலு நாள் வரவில்லை. (மோசடி மின்னஞ்சல் என்று நினைத்தாராம். நியாயம்தான்.) அப்புறம் கடிதப் போக்குவரத்து வளர்ந்தது. அப்பாவுக்கு எண்பத்து நாலு வயது, முழங்கால் வலி, உங்கள் பக்கத்தில் எண்ணெய் வைத்தியம் உண்டாமே என்று கேட்டார். கொட்டாரத்தில் இருக்கும் ஒரு வைத்தியசாலையைச் சொன்னேன். அடுத்த வருஷம் ஜனவரியில் மூன்று வாரம் வருவதாக முடிவாயிற்று. படத்தின் பிரதியையும் அனுப்பிவைத்தார்.

மாமாவிடம் சொல்லப் போனபோது அவர் ஸ்டூலில் ஏறி நின்று மின்விசிறி மாட்டிக்கொண்டிருந்தார்.

"ஆளு உயிரோட இருக்காரா?" என்று ஸ்டூலிலிருந்தே கத்தினார். "எனக்க மாதாவே! இங்கயா? நம்ம ஊருக்கா?"

"படமும் வருது மாமா. மண்டபத்துல வச்சு ஊருக்கே போட்டுக் காட்டுவோம். பெர்னார்து சித்தப்பாவுக்க வாய அடைக்கணும்."

மாமா இறங்கினார். ஸ்க்ரூடிரைவரைத் துணியில் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

"படம் எதுக்கு மக்கா? ஆளு வந்தா போராதா?"

"சாட்சி வேணும்லா?"

"கறுப்பு வெள்ளப் படம். ஆளுவ இருந்து உறங்கிருவாவ."

"ஒருத்தரும் உறங்க மாட்டாவ."

"ஞாயித்துக்கெழம மத்தியானம் கரண்டு நெலச்சி நிக்காது மக்கா. நடுவுல போச்சுன்னா அசிங்கம்."

மாமாவுக்குக் கூச்சம் என்று நினைத்தேன். அவர் சொன்ன ஒவ்வொன்றையும் பட்டியலில் எழுதி, ஒவ்வொன்றுக்கும் வழி கண்டுபிடித்தேன். பதினெட்டாவது வரி: தூக்கம் – இடைவேளையில் சுக்குக்காப்பி. இருபத்து மூன்றாவது வரி: கரண்ட் போனால் – யுபிஎஸ். இருபத்து நாலாவது வரி: மாமாவின் தயக்கம் – கண்டுகொள்ள வேண்டாம்.

எதையெல்லாம் சோதித்தேன் என்று இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது. புரொஜெக்டர் வெளிச்சம். பெர்னார்து சித்தப்பாவின் ஒலிபெருக்கியோடு இணைப்பு. சன்னல்களை மறைக்க, மீன்வாடை போகக் கழுவிய தார்ப்பாய்கள் எட்டு. படத்தின் முதல் பத்து நிமிஷத்தைப் போட்டுப் பார்த்தேன். கடல், படகு, மிர்க்கோ. கடைசி ஒரு நிமிஷத்தைப் போட்டுப் பார்த்தேன். கடல் நிறைய வள்ளங்கள் கரையை நோக்கி வருகின்றன. நாற்பது வள்ளம்! எல்லாம் சரி. டிக்.

'படத்தை முழுதாகப் பார்' என்று ஒரு வரி பட்டியலில் இல்லை. கதைதான் எனக்கு ஆறு வயதிலிருந்தே தெரியுமே.

அந்த ஞாயிற்றுக்கிழமை மாமாவே கார் பிடித்துக் கொட்டாரத்துக்குப் போய் விருந்தாளிகளை அழைத்து வந்தார். அவர் அந்தப் பக்கம் போன நேரத்தில்தான் யுபிஎஸ் வந்து இறங்கியது. புரொஜெக்டர், மடிக்கணினி, ஒலிபெருக்கி மூன்றையும் அதில் கோர்த்து, மேடைக்கு அடியில் தள்ளிவிட்டேன். மாமாவிடம் சொல்லவில்லை. கரண்டுக்குப் பயந்தவர், போகாததைக் கண்டு சந்தோஷப்படட்டும் என்று வைத்திருந்தேன்.

மிர்க்கோ காரிலிருந்து இறங்கியதும் கூட்டம் தானாக விலகி வழிவிட்டது. ஆறடிக்கு மேல் உயரம். கையில் தடி. உடம்பெல்லாம் வைத்தியசாலை எண்ணெய் மணம். மாமா வழியெல்லாம் அவர் பக்கத்தில் உட்கார்ந்து வந்தும் ஒரு வார்த்தை பேசவில்லையாம். இப்போது ஊர் பார்க்கிறது, ஏதாவது பேசியாக வேண்டும். அந்தப் பாஷையில் மாமாவுக்குத் தெரிந்ததெல்லாம் எலக்ட்ரீஷியனுக்குத் தேவையான வார்த்தைகள்தான். நடிகரின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு, தழுதழுத்த குரலில் சொன்னார்:

"நேமா ஸ்ட்ரூயே."

கரண்ட் இல்லை என்று அர்த்தம். மிர்க்கோ தலையைத் தூக்கி, மண்டபத்தில் சுழன்றுகொண்டிருந்த பத்து மின்விசிறிகளையும் பார்த்தார். பிறகு மரியாதையாகத் தலையசைத்தார்.

பொன்னாடை போர்த்தினோம். நான் அவருடைய ஐம்பத்தெட்டு வேடங்களில் முக்கியமான முப்பதை வாசித்தேன். 'மூன்றாவது சிப்பாய்' என்றதற்கும் ஊர் கைதட்டியது. பெர்னார்து சித்தப்பா ஒலிபெருக்கிக்குப் பின்னால் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஆள் இருக்கிறார். படமும் இருக்கிறது. அவருடைய முப்பத்தைந்து வருஷ வாதம் செத்துவிட்டது. எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது.

சரியாக மூன்று மணிக்குப் படம் தொடங்கியது. வசனம் ஒன்றும் புரியாவிட்டாலும் யாருக்கும் குறையில்லை. திரையில் வருவதற்கு முன்பே ஊர் சொன்னது.

"இப்பம் நாய் கொலைக்கும் பாரு!"

நாய் குரைத்தது. கைதட்டல்.

"டீச்சருக்க கையில ரொட்டி இருக்கும்!"

இருந்தது. விசில். முன்வரிசையில் மிர்க்கோ திரும்பித் திரும்பிப் பார்த்தார். தன் படத்தை வரிக்கு வரி மனப்பாடமாக வைத்திருக்கும் கூட்டத்தை அவர் தன் சொந்த நாட்டிலேயே பார்த்திருக்க மாட்டார். வெஸ்னா கைக்குட்டையால் கண்ணைத் துடைத்தார்.

மிர்க்கோ பிடிபட்டபோது மாமாவைத் தேடினேன். அவர் நாற்காலியில் இல்லை. சுவரோரம், மெயின் சுவிட்ச் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். கரண்ட் போகாமல் காவல் நிற்கிறார், பாவம் என்று நினைத்தேன்.

படகுத்துறை வந்தது. கைகள் கட்டப்பட்டன. துப்பாக்கிகள் உயர்ந்தன.

கரண்ட் போயிற்று.

பத்து மின்விசிறிகளும் முனகி நின்றன. வாசலோர விளக்குகளும் அணைந்தன. "போச்சு!" என்று யாரோ கத்தினார்கள். ஆனால் திரை அணையவில்லை. மேடைக்கு அடியிலிருந்து யுபிஎஸ் 'கீ...ங்' என்று ஒரு சத்தம் கொடுத்துவிட்டு தன் கடமையைச் செய்தது. நான் இருட்டிலேயே இருபத்து மூன்றாவது வரிக்கு இரண்டாவது டிக் அடித்தேன்.

மிர்க்கோ மாமாவின் பக்கம் திரும்பி, மகிழ்ச்சியாகச் சொன்னார்: "நேமா ஸ்ட்ரூயே!"

மின்விசிறிச் சத்தம் நின்றுபோனதால், மூன்று குண்டுகளும் மண்டபம் அதிரக் கேட்டன.

திரையில் மிர்க்கோ தண்ணீரில் விழுந்தார். தொப்பி மிதந்தது. கடல் அலைந்தது. ஊர் காத்திருந்தது.

"மூச்சடக்கிக்கிட்டு இருக்கான்" என்று எனக்குப் பின்னால் ஒரு அக்கா பிள்ளைக்கு விளக்கினாள்.

தொப்பி இன்னும் மிதந்தது.

"வள்ளத்துக்கு அடியில போயிருப்பான். பேசாம இரு."

அடுத்த காட்சியில் டீச்சர் கறுப்பு உடையில் வந்தாள். மணியடித்தது. குழிக்குள் பெட்டி இறங்கியது. மண் விழுந்தது. ஒரு சிலுவை, அதில் எழுதியிருந்த பெயரை ஊர் படிக்க முடியாவிட்டாலும் புரிந்துகொண்டது.

சிலுவை மேலேயே படத்தை நிறுத்தினேன். முதலில் கேட்டது பெர்னார்து சித்தப்பாவின் குரல்.

"ஏட்டி ஜெனிலா! படம் மாறிப்போச்சுட்டி! இது வேற படம்!"

முப்பத்தைந்து வருஷமாக இப்படி ஒரு படமே கிடையாது என்று சொன்ன மனிதர், இது அந்தப் படமில்லை என்று முதல் ஆளாக எழுந்து நிற்கிறார். அவருக்குப் பின்னால் ஊரே எழுந்தது. "மிர்க்கோ சாவல!" "கட்டுமரம் எங்கட்டி?" "எவனோ வெட்டி ஒட்டிருக்கான்!"

கோப்பின் பெயரைப் பார்த்தேன், அளவைப் பார்த்தேன், தேதியைப் பார்த்தேன். எல்லாம் சரியாகத்தான் இருந்தது. அப்படியானால் வெஸ்னாதான் வேறு பதிப்பை அனுப்பிவிட்டார். தவறு எங்கே என்று கண்டுபிடித்துவிட்டால் என் மனம் உடனே அமைதியாகிவிடும். அதுதான் இந்தத் தொழிலின் கேடு. மைக்கை எடுத்தேன். ஊரிடம் மன்னிப்புக் கேட்டேன். பிறகு முன்வரிசைப் பக்கம் திரும்பி, தெளிவான ஆங்கிலத்தில், நிதானமாகச் சொன்னேன்:

"மன்னிக்கவும் சார். இது தவறான பிரதி. அசல் படத்தில் நீங்கள் சாகமாட்டீர்கள்."

வெஸ்னா என்னைப் பார்த்தார். அப்பாவின் காதில் சொன்னார். மிர்க்கோ யோசித்தார். நெடுநேரம், நேர்மையாக, நெற்றியைச் சுருக்கி யோசித்தார். பிறகு வெஸ்னா வழியாகப் பதில் வந்தது.

"அப்பா சொல்கிறார், அவர் அங்கே இருந்தாராம்."

"இல்லை சார்" என்றேன். (இல்லை சார்! என்றேனே!) "நீங்கள் வள்ளத்துக்கு அடியில் நீந்தித் தப்பிவிடுவீர்கள்."

"அப்பாவுக்கு நீச்சல் தெரியாது. தண்ணீர் ஐஸ் மாதிரி இருந்ததாம். மூன்று முறை எடுத்தார்கள். மூன்று முறையும் செத்தாராம்."

அப்போதுதான் எனக்குள் பட்டியலின் நாற்பத்தொரு டிக்கும் ஒவ்வொன்றாக உதிர்ந்தன. நாலாவது பெயர். துடைத்துக்கொண்டே இருந்த ஸ்க்ரூடிரைவர். படம் எதுக்கு மக்கா. நான் சுவர்ப்பக்கம் திரும்பினேன். நான் திரும்பியதால் ஊரும் திரும்பியது. மாமா அங்கேயே நின்றார். கை இன்னும் மெயின் சுவிட்சின் மேலேயே இருந்தது. சுவிட்ச் கீழே இறங்கியிருந்தது.

மாமா சுவிட்சை மெதுவாக மேலே தள்ளினார். விளக்குகள் எரிந்தன. அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியமில்லை.

"எனக்கு ஏழு மணிக்கு சிப்டு" என்றார் மாமா.

"ஈராக்குலயா?" என்று யாரோ கேட்டார்கள்.

"படம் ஆறு மணிக்குத் தொடங்கும். முக்கால் மணிக்கூர்ல பஸ்ஸு வந்துரும். அதே படத்த நாலு மட்டம் போட்டான். நாலு மட்டமும் அவனுவ துப்பாக்கியத் தூக்குத வரைக்கும்தான் பாத்தேன். கரையில வந்து உங்ககிட்ட சொன்னேன். எல்லாரும் 'பெறவு'ன்னு கேட்டிய. பெறவு நான் பஸ்ஸுல ஏறிப் போனேன்னா சொல்லுவேன்? ஒரு மனுசன கையக் கெட்டி அங்க நிறுத்தி வச்சிட்டு?"

எல்லோரும் பெர்னார்து சித்தப்பாவைப் பார்த்தோம். முப்பத்தைந்து வருஷமாக அவர் காத்திருந்த நாள் இது. மைக் வேறு அவருடையது. அவர் என் கையிலிருந்து அதை வாங்கி, வழக்கம்போல் இரண்டு தடவை தட்டினார்.

"வேய் சூசை" என்றார். "படம் எடுத்தவனுக்குக் கடலப் பத்தி ஒரு மண்ணும் தெரியாது."

மாமா நிமிர்ந்தார்.

"தொறையில தண்ணி எவ்வளவு ஆழம் இருக்கும்? ரெண்டாள் மட்டம் உண்டும்லா? கையத்தான கெட்டிருக்கான், காலு சும்மாதான கெடக்கு? சாடுனா தப்பலாம். இதுகூடத் தெரியாம ஒரு படம்! ஒமக்க கததான் வேய் செரி."

அவ்வளவுதான். மண்டபம் இரண்டாகப் பிரிந்து, கட்டிய கையோடு எவ்வளவு தூரம் நீந்தலாம் என்று வாதம் தொடங்கிவிட்டது. நீரோட்டம், காற்று, வள்ளத்தின் அடிமரம் எல்லாம் பேசப்பட்டன. ஒரு அண்ணன் தன் கைகளைப் பின்னால் கட்டச் சொல்லி, தரையில் படுத்துக் காலை உதைத்துக் காட்டினார். சாகத்தான் செய்வான் என்று சொல்ல ஒரு ஆள் கிடைக்கவில்லை.

"என்ன நடக்கிறது?" என்றார் வெஸ்னா.

வேறு வழியில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். முகாம், வெள்ளிக்கிழமை, பஸ், பெறவு. வள்ளத்துக்கு அடியில் நீந்தியது, நாற்பது வள்ளம், தொப்பியால் தண்ணீர் கோரியது, கல்யாணம், நெய்மீன் குழம்பு. அவர் ஒவ்வொரு வரியாக அப்பாவின் காதில் சொல்லச் சொல்ல, மிர்க்கோவின் முகம் மாறிக்கொண்டே வந்தது. கல்யாணம் வந்தபோது அவர் ஏதோ கேட்டார்.

"அந்த டீச்சரோடயா என்று கேட்கிறார்" என்றார் வெஸ்னா. "படம் எடுத்தபோது அந்த நடிகை இவரிடம் பேசவே மாட்டாராம்."

பிறகு அந்த ஐம்பத்தெட்டு வேடக்காரர் தடியை மகளிடம் கொடுத்துவிட்டு எழுந்தார். பொன்னாடையைக் கழற்றி மாமாவிடம் நீட்டினார். தன் இரண்டு கைகளையும் பின்னால் கொண்டுபோய், மணிக்கட்டுகளைச் சேர்த்துக் காட்டினார். கட்டு, என்று.

மாமா பொன்னாடையைக் கயிறாக முறுக்கினார். கட்டினார். அவரைப் படியேற்றி நிறுத்திய மேடை விளிம்புதான் படகுத்துறை. ("ஐயோ முட்டு! முட்டு!" என்று, கூட வந்திருந்த வைத்தியசாலை உதவியாளர் முழங்காலைக் காட்டி அலறியது யார் காதிலும் விழவில்லை.) பெர்னார்து சித்தப்பா மைக்கை வாய்க்குள் திணித்துக்கொண்டு மூன்று வெடி போட்டார். மிர்க்கோ சாடவில்லை, சாட முடியாது. மேடை விளிம்பில் ஜாக்கிரதையாக உட்கார்ந்து, மாமா ஒருபுறமும் நான் ஒருபுறமும் தாங்க, வழுக்கி இறங்கினார். ஆனால் இறங்கியதும் கன்னங்களை உப்பவைத்து மூச்சை அடக்கிக்கொண்டாரே, அந்த மண்டபமே தண்ணீருக்குள் போய்விட்டது. பிளாஸ்டிக் நாற்காலிகளுக்கு நடுவே, தலையைத் தாழ்த்தி, தோளால் நீரைக் கிழித்துக்கொண்டு அவர் போகப் போக, இருபுறமும் ஜனங்கள் நாற்காலிகளைத் தலைக்குமேல் தூக்கினார்கள். அவைதான் வள்ளங்கள். கடைசி வரிசையில் போய் அவர் வாயைத் திறந்து மூச்சை விட்டதும், எங்கள் ஊர்ப் பெண்கள் ஒரு குரவை போட்டார்கள் பாருங்கள், கல்யாணத்தில்கூட நான் அப்படிக் கேட்டதில்லை.

மாமா அழுதுகொண்டே அவருடைய கைக்கட்டை அவிழ்த்தார்.

மீதிப் படத்தையும் பார்த்தோம். மிர்க்கோ செத்த கோபத்தில் மீனவர்கள் வள்ளங்களோடு திரண்டு வருவதுதான் மீதிக் கதை. பெர்னார்து சித்தப்பா திரைக்குப் பக்கத்தில் போய் நின்று எண்ணினார். "இருபத்தாறுதான். நம்மகிட்ட நாப்பது." நெய்மீன் குழம்பை மாமி காலையிலேயே வைத்திருந்தாள். மிர்க்கோ மூன்று தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். முழங்கால் வைத்தியம் ஒரு வாரம் நீண்டது. அதற்கு நான்தான் காரணம் என்று வைத்தியர் இன்றுவரை நம்புகிறார்.

நாடு திரும்பியதும் வெஸ்னா தன் இணையப் பக்கத்தில் ஒரு புதிய நெடுவரிசை சேர்த்தார். ஒவ்வொரு வேடத்துக்கும் நேராக 'முடிவில்' என்று. ஐம்பத்தெட்டில் முப்பத்தொன்றில் செத்திருக்கிறார். இருபத்திரண்டாவது வரியில் மட்டும், 'இறக்கிறார் (இந்தியாவின் தென்கோடியில் தவிர)' என்று இருக்கிறது.

மாமா கதையை நிறுத்தவில்லை. இப்போது ஆறேமுக்கால் மணி பஸ்ஸையும் சேர்த்துச் சொல்கிறார். பக்கத்திலிருந்து பெர்னார்து சித்தப்பா மூன்று வெடி போடுகிறார். என் நிலைமைதான் மோசம். கடையிலிருந்து உப்பு வாங்கி வந்தால்கூட, "பொட்டலத்தக் கடைசி வரைக்கும் பாத்தியாட்டி?" என்று அம்மா கேட்கிறாள். வீட்டில் கரண்ட் போனால் எல்லோரும் சேர்ந்து "நேமா ஸ்ட்ரூயே" என்று சொல்லிவிட்டு என்னைப் பார்க்கிறார்கள்.

என்னைப் பெண் பார்க்க ஜோயல் வீட்டார் வந்த அன்றும் இதுதான் நடந்தது. அவரைப் பற்றி நான் முப்பத்து மூன்று வரியில் விசாரித்து வைத்திருந்தேன். பெர்னார்து சித்தப்பா மதிலுக்கு மேலே தலையை நீட்டி, "ஏட்டி, முழுசாப் பாத்தியா? அம்பதாவது நிமிசத்துல என்னமாவது இருக்கப் போவுது!" என்று ஊர் கேட்கச் சொன்னார். ஜோயல் என்ன விஷயம் என்று கேட்டுவிட்டார். கேட்டால் விடுவார்களா? மாமா நாற்காலியை இழுத்துப் போட்டு ஆரம்பித்தார். தீவு, யுத்தம், டீச்சர், காட்டிக்கொடுத்தவன். கைகளைக் கட்டினார், துறையின் விளிம்பில் நிறுத்தினார், துப்பாக்கியை உயர்த்தினார். உயர்த்திவிட்டு, ஒரு வாய் சாயா குடித்தார்.

ஜோயல் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டார். கையிலிருந்த அல்வா கையிலேயே இருந்தது.

"பெறவு?" என்றார்.

நான் டிக் அடித்தேன்.